தாமதத்துக்கான காரணம்

காலை ஏழு நாற்பதுக்குப் பள்ளி வேன் கிளம்பியது. ஒரு நிமிடம்கூடத் தாமதமில்லை.

பள்ளி திறந்து இருபத்துமூன்று நாட்களாக அப்படித்தான் கிளம்புகிறது. டிரைவருக்கு அது பிடிக்கவில்லை.

அவருக்குப் பக்கத்து இருக்கை காலியாக இருந்தது. நான்கு வருடமாக அதில் உட்கார்ந்து வந்தவள் அவர் மனைவியின் தங்கை மகள். ஏழு வயது. வீட்டில் அவளுக்குப் பெயர் வாண்டு.

தங்கை இறந்தபோது வாண்டுக்கு மூன்று வயது. தகப்பனுக்கு ஒன்பது மணி நேர ரயில் தூரத்தில் வேலை கிடைத்தது. "கொஞ்ச நாள் பார்த்துக்கோங்க அக்கா" என்று விட்டுவிட்டுப் போனான். கொஞ்ச நாள் நான்கு வருடம் ஆயிற்று. வருடத்துக்கு இரண்டு முறை வருவான். மாடி அறையில் தங்குவான். போவான். இந்த விடுமுறைக்கு மகளைப் பத்து நாள் அழைத்துப் போனான். பதினோராம் நாள் பிள்ளை வரவில்லை. வக்கீல் நோட்டீஸ் வந்தது.

டிரைவரின் மனைவி இந்த ஊர் நீதிமன்றத்தில் மனுப் போட்டாள். தகப்பன் பதில் போட்டான். பிள்ளை யாரிடம் வளர வேண்டும் என்பதைப் பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை. இந்த வழக்கை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை, என் ஊருக்கு அனுப்புங்கள் என்று மட்டும் இருந்தது.

இன்று அதற்குத்தான் தேதி.

கிளம்பும் முன் மனைவி வேன் ஜன்னலைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"பதினொண்ணுக்குக் கூப்பிடுவாங்க. பிள்ளைங்களை இறக்கிட்டு நேரா வந்துடுங்க."

"வந்துடறேன். நீ சாப்பிட்டியா?"

"தொண்டையில இறங்கல."

"ஒரு வாய் சாப்பிட்டுட்டுப் போ. அங்க மயங்கி விழுந்தேன்னு வெச்சுக்கோ, பிள்ளை வளர்க்க உடம்புல தெம்பு இல்லன்னு அவன் வக்கீல் எழுதிக்குவான்."

அவள் சிரிக்கவில்லை. ஜன்னலை விட்டாள்.

*

அவள் ஒரு மருத்துவமனையின் ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் பதினெட்டு வருடமாக வேலை செய்கிறாள். ஊசி குத்தும்போது பிள்ளைகள் அவளிடம் அழுவதில்லை. ஒரு டியூபில்கூட அவள் பெயர் மாற்றி ஒட்டியதில்லை. புதிதாக வருகிறவர்களுக்கு அவளைத்தான் உதாரணம் சொல்வார்கள்.

நீதிமன்ற வராந்தாவில் வக்கீலம்மா அவளுக்காகக் காத்திருந்தாள். கையில் எதிர்த்தரப்பு கொடுத்த நகல்கள். நேற்று மாலைதான் கிடைத்தவை.

"ஸ்கூல் விண்ணப்பம். தடுப்பூசி அட்டை. நூலக அட்டை. பல் டாக்டர் சீட்டு. எல்லாத்துலயும் குழந்தையோட விலாசம் அவர் ஊர் விலாசம். யாரும்மா எழுதினது?"

"நான்தான்."

"நாலு வருஷமா உங்க வீட்டுல வளர்ற பிள்ளைக்கு, அது கால் வைக்காத வீட்டு விலாசத்தை எழுதினீங்களா?"

"ஆமா."

"ஏம்மா?"

அவள் பெஞ்சில் உட்கார்ந்தாள். பையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"அம்மா இல்லாத பிள்ளைன்னு எல்லாருக்கும் தெரியும். என் வீட்டு விலாசத்தை எழுதினா, அப்பா எங்கேன்னு கேப்பாங்க. அப்பனும் விட்டுட்டான்னு ஒருத்தி வாயில வந்துடக் கூடாது பாருங்க. அதான் எழுதினேன். அவன் மானத்துக்கும் சேர்த்துத்தான் எழுதினேன்."

வக்கீலம்மா நகல்களை மடித்தாள்.

"சட்டம் ஒரே ஒரு கேள்விதான் கேக்குது. குழந்தை வழக்கமா எங்க குடியிருக்கு? அந்த ஊர் கோர்ட்டுதான் விசாரிக்கணும். அப்பா எங்க இருக்கார்ங்கறது கணக்குல இல்ல. கார்டுல என்ன எழுதியிருக்குங்கறதும் முடிவான விஷயம் இல்ல."

"அப்போ நமக்கு என்ன பயம்?"

"கேள்வி நல்ல கேள்விதான். ஆனா பதிலுக்குப் பேப்பர் கேப்பாங்க. நம்ம கையில என்ன இருக்கு? ஸ்கூல்ல வருகைப் பதிவு கேட்டா ஒரு வாரம் ஆகும்ங்கறாங்க. உங்க வீட்டுக்காரர் வேன்ல தினமும் போனாளே, வேன் லிஸ்ட்டுல பேர் இருக்கா?"

"இல்ல. பதினாலு பேர் பேர்தான் இருக்கு. நம்ம பிள்ளைய எதுக்கு லிஸ்ட்டுல சேர்க்கறதுன்னு அவர் விட்டுட்டார்."

"நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து அந்தப் பிள்ளை இந்த ஊர்ல இருந்த தடயமே இல்லாம பண்ணியிருக்கீங்க. திருடன்கூட இவ்வளவு சுத்தமாத் துடைக்க மாட்டான்."

அவள் முகம் சிவந்தது.

"கேஸ் அங்க போயிட்டா என்ன ஆகும்?"

"ஒவ்வொரு தேதிக்கும் நீங்க ஒன்பது மணி நேரம் போகணும். சாட்சிகளையும் கூட்டிட்டுப் போகணும்."

"எதிர்வீட்டு அக்காவுக்கு முழங்கால் மடங்காது. டீச்சருக்கு லீவு கிடைக்காது. அங்க எனக்காகப் பேச யார் இருக்கா? அவன் ஆபீஸ்காரங்க மட்டும்தான் இருப்பாங்க."

"அதுக்குத்தானே அங்க கூப்பிடறார்."

வராந்தாவின் மறுகோடியில் குழந்தைகள் அறை. கண்ணாடிக் கதவில் வெள்ளைத்தாள் ஒட்டியிருந்தார்கள். மகளை அழைத்து வரும்படி நீதிபதி சொல்லியிருந்ததால் தகப்பன் நேற்றே அவளுடன் வந்து லாட்ஜில் தங்கியிருந்தான். இப்போது அவள் அந்த அறைக்குள் இருந்தாள். தாள் முழங்கால் உயரத்தோடு முடிந்தது. அதற்குக் கீழே ஒரு ஜோடி ஷூ தெரிந்தது. புது ஷூ. முன்னும் பின்னும் ஆடியது.

பெரியம்மா பெஞ்சிலிருந்து எழுந்தாள்.

"கேஸ் முடியற வரைக்கும் போகாதீங்க," என்றாள் வக்கீலம்மா. "போனா பிள்ளைக்குச் சொல்லிக் குடுத்தீங்கன்னு சொல்வாங்க."

"இருபதடி தூரத்துல இருக்கா."

"தெரியும். உட்காருங்க."

தகப்பன் படியேறி வந்தான். அவளைப் பார்த்ததும் நின்றான். இளைத்திருந்தான். சட்டையில் ஒரு பொத்தான் மாற்றிப் போட்டிருந்தது.

"அக்கா."

"எதுக்கு இந்த அக்கா? உன் பதில் மனுவுல மனுதாரர்னுதானே போட்டிருக்கே? அப்படியே கூப்பிடு."

"வக்கீல் எழுதினது அக்கா."

"கையெழுத்து?"

அவன் தரையைப் பார்த்தான். பிறகு தலையை நிமிர்த்தினான்.

"நான் பெத்தவன். உங்ககிட்ட விட்டுட்டுப் போனேன். குடுத்துட்டுப் போகல."

"விட்டுட்டுப் போனவன் சொல்லிட்டு எடுத்துக்கிட்டுப் போயிருக்கலாம். பத்து நாளுக்கு நாலு கவுன் எடுத்து வெச்சு, பல்லு தேய்க்கற பிரஷ்ஷை ஈரம் துடைச்சு வெச்சு அனுப்பினேனே. என்னை முட்டாள் ஆக்கிட்டே இல்ல?"

உள்ளேயிருந்து வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்கள்.

டிரைவர் இன்னும் வரவில்லை.

*

டிரைவர் எட்டரைக்குப் பிள்ளைகளை இறக்கிவிட்டார். முந்தின நாளின் ட்ரிப் தாளைக் கொடுக்கப் பள்ளி அலுவலகத்துக்குப் போனார்.

அந்தப் பள்ளியில் ஒரு விதி. வேன் மூன்று நிமிடத்துக்கு மேல் தாமதமாக வந்தால் டிரைவர் ட்ரிப் புத்தகத்தில் காரணம் எழுத வேண்டும். வெள்ளைத்தாள் அலுவலகத்துக்கு. அடியில் பதியும் மஞ்சள்தாள் புத்தகத்திலேயே இருக்கும். மற்ற டிரைவர்கள் "நெரிசல்" என்று எழுதிவிட்டுப் போவார்கள். இவர் நடந்ததை நடந்தபடி எழுதுவார். பொய் எழுத வராது.

அலுவலகத்தில் இருந்த பெண் தாளை வாங்கி மற்ற தாள்களோடு சேர்த்துப் புரட்டினாள்.

"என்னண்ணே, இந்த மாசம் ஒரு நாள்கூட லேட்டு இல்ல? கட்டம் பூரா காலியா இருக்கு. முன்னெல்லாம் உங்க தாளைத்தான் முதல்ல எடுத்துப் படிப்பேன். கதை மாதிரி இருக்கும்."

"என்ன கதை?"

"வாண்டு கதைதான். உங்களை லேட்டாக்கறதுக்கு வேற யாரு?"

சொன்ன பிறகுதான் அவளுக்கு நினைவு வந்தது. உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

டிரைவர் அவளை வருத்தத்தோடு பார்க்கவில்லை. வேறு எதையோ பார்ப்பது போலப் பார்த்தார். திரும்பி வேகமாக வேனுக்கு நடந்தார்.

முடிந்துபோன ட்ரிப் புத்தகங்கள் எங்கே இருக்கின்றன என்று அவருக்குத் தெரியும். வேனில் ஏறிய முதல் வாரம் வாண்டு சாலை தெரியவில்லை என்று அழுதாள். அவர் பழைய புத்தகங்களைக் கட்டி, பிளாஸ்டிக் பைக்குள் போட்டு, அவள் இருக்கையின் மெத்தைக்கு அடியில் வைத்தார். சாலை தெரிந்தது. அவள் வளர வளரப் புத்தகங்களும் கூடின. இப்படியே போனால் தலை கூரையில் இடிக்கப் போகிறது என்று கேலி செய்வார். எடுக்க விடமாட்டாள். "அது என் சீட்டு" என்பாள்.

மெத்தையைத் தூக்கினார். பதினொரு புத்தகங்கள். துணி காயப்போடும் கயிற்றால் கட்டியிருந்தன.

நேராக நீதிமன்றத்துக்குப் போயிருக்க வேண்டும். முதல் புத்தகத்தைப் பிரித்தார். படிக்க ஆரம்பித்துவிட்டார்.

*

"இது உங்க கையெழுத்துதானே?"

எதிர்த்தரப்பு வக்கீல் நல்ல குரல்காரர். ஒவ்வொரு தாளையும் இரண்டு விரலால் தூக்கிக் காட்டினார்.

"ஆமா."

"இது?"

"ஆமா."

"குழந்தையின் நிரந்தர விலாசம் தகப்பனாரின் வீடு என்று நாலு வருஷமாகத் தன் கையாலேயே எழுதி வந்திருக்கிறார். இன்று இல்லை என்கிறார். தகப்பனார் உயிரோடு இருக்கிறார். அவர்தான் இயற்கையான காப்பாளர். குழந்தை இப்போது அவரோடு இருக்கிறது, அங்கே பள்ளிக்குப் போகிறது. இவர் வீட்டில் இருந்தது ஒரு விருந்தாளியாக மட்டுமே."

"விருந்தாளியா?"

அவள் எழுந்தது வக்கீலம்மாவுக்கே தெரியவில்லை.

"அம்மா, உட்காருங்க," என்றார் நீதிபதி. மூக்கில் சரிந்த கண்ணாடியோடு எழுதிக்கொண்டிருந்தார்.

"ஒரு வார்த்தை சொல்லிட்டு உட்கார்றேன் அய்யா. நான் ரத்தம் எடுக்கறவ. ஒரு டியூப்ல ஒட்டின பேர் தப்புன்னு தெரிஞ்சா நாங்க என்ன பண்ணுவோம் தெரியுமா? டியூபைக் கீழ கொட்டிட்டு, ஆளைத் திரும்பக் கூப்பிட்டு, மறுபடி எடுப்போம். பேர் ஒட்டியிருக்கு, அதனால இது அவர் ரத்தம்தான்னு யாரும் சாதிக்க மாட்டோம். சாதிச்சா ஆள் செத்துடுவான். நான் ஒட்டின சீட்டு தப்பு. ஒத்துக்கறேன். பிள்ளையைக் கூப்பிட்டுப் பாருங்க. அவ எங்க வளர்ந்தான்னு அவளைப் பார்த்தாத் தெரியாதா? சீட்டைப் பார்த்தாத்தான் தெரியுமா?"

மின்விசிறி மட்டும் கறகறத்தது.

"குழந்தையை இந்தக் கேள்விக்குள்ள இழுக்க வேணாம்," என்றார் நீதிபதி. குரலில் கோபம் இல்லை. "உங்க கோபம் புரியுது. ஆனா நான் எழுதறதுக்கு எனக்கு ஏதாவது வேணும். இருக்கா?"

வக்கீலம்மா எழுந்தாள். என்ன சொல்வது என்று அவளுக்குத் தெரியவில்லை என்பது தெரிந்தது.

கதவு திறந்தது. டிரைவர் ஒரு பிளாஸ்டிக் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தார். கண்கள் சிவந்திருந்தன.

"ஏங்க இவ்வளவு லேட்டு?" என்றாள் மனைவி அடிக்குரலில்.

"படிச்சிட்டிருந்தேன்."

எதிர்த்தரப்பு வக்கீல் ஆட்சேபித்தார். முன்கூட்டித் தாக்கல் செய்யாத ஆவணம் என்றார். நீதிபதி கை நீட்டினார். நடுவில் இருந்த ஒரு புத்தகத்தை எடுத்து, மூலை மடித்திருந்த பக்கங்களைப் பார்த்தார். எழுத்தரிடம் கொடுத்தார்.

"ஒவ்வொண்ணுலயும் கடைசிக் கட்டத்தை மட்டும் படிங்க."

எழுத்தர் ஓர் அழுமூஞ்சி மனிதர். படித்தார்.

"வாண்டு ஒற்றை ஷூ காணோம். நான்கு நிமிடம்.

"வாண்டுக்குப் பால் பல் விழுந்தது. பல்லைத் தேடியது. ஆறு நிமிடம்.

"மழை. வாண்டு பையில் தவளை. இறக்கிவிட மறுப்பு. ஐந்து நிமிடம்.

"வாண்டுக்கு அம்மை. இன்று ஏறவில்லை. தாமதம் இல்லை."

அவர் குரல் தவளையில் ஒருமுறை உடைந்து சிரிப்பாகியது. அம்மையில் மறுபடி சரியாயிற்று.

"வாண்டு என்று யாரை வேண்டுமானாலும் சொல்லலாம்," என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். "வேனில் பதினாலு பிள்ளைகள். அத்தனையும் வாண்டுதான்."

"இன்னொண்ணு மடிச்சிருக்கீங்களே," என்றார் நீதிபதி டிரைவரிடம். "அது என்ன?"

டிரைவர் சொல்லத் தயங்கினார். "அது வேணாம்னுதான் பார்த்தேன் அய்யா. அப்புறம் மடிச்சேன்."

எழுத்தர் படித்தார்.

"வாண்டின் அப்பா ஊருக்குத் திரும்பிப் போகிறார். வாண்டு அவர் சட்டையை விடவில்லை. ஒன்பது நிமிடம்."

தேதியையும் படித்தார். இரண்டு வருடத்துக்கு முந்தையது.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். தகப்பனைப் பார்த்தார்.

"அன்னிக்கு நீங்க வந்திருந்தீங்களா?"

எதிர்த்தரப்பு வக்கீல் தன் கட்சிக்காரன் பக்கம் திரும்பினார். வேண்டாம் என்பது போலத் தலையை லேசாக அசைத்தார். தகப்பன் அதைப் பார்த்தான். பார்த்துவிட்டு நீதிபதிக்குப் பதில் சொன்னான்.

"வந்திருந்தேன்."

"யார் போனது, யார் இருந்தது?"

"நான் போனேன். அவ இருந்தா."

நீதிபதி எழுதினார். வெகுநேரம் எழுதினார். பிறகு வாசித்தார். நான்கு வருடமாக ஒரு வீட்டில் எழுந்து ஒரு வீட்டிலிருந்து பள்ளிக்குப் போன குழந்தையின் குடியிருப்பு அந்த வீடுதான். விடுமுறைக்கு அழைத்துப்போய்த் திருப்பி அனுப்பாமல் வைத்துக்கொண்டால் குடியிருப்பு மாறிவிடாது. எனவே வழக்கு இங்கேதான் நடக்கும். அடுத்த விசாரணை பத்து நாள் கழித்து.

அவள் கணவனின் கையைப் பிடித்தாள்.

"அதுவரை," என்று நீதிபதி தொடர்ந்தார், "குழந்தை தகப்பனாரிடமே இருக்கும். ஆனால் இந்த நீதிமன்ற எல்லையைவிட்டு வெளியே அழைத்துச் செல்லக் கூடாது."

அவள் கையை விட்டாள்.

*

"ஜெயிச்சிட்டோம்மா," என்றாள் வக்கீலம்மா வராந்தாவில்.

"என்ன ஜெயிச்சோம்? சண்டை போடறதுக்கு இடம் பிடிச்சிருக்கோம். அவ்வளவுதான். பிள்ளை இங்கதான் வளர்ந்தான்னு அவரே எழுதறார். எழுதின கையோட அவன்கிட்டயே குடுக்கறார். இது என்ன நியாயம்?"

"இது முதல் படி."

"நாலு வருஷம் நான் ஏறின படியெல்லாம் எந்தக் கணக்குல வருது?"

வக்கீலம்மா அடுத்த வழக்குக்கு உள்ளே போனாள்.

குழந்தைகள் அறையின் கதவு திறந்தது. வாண்டு வெளியே வந்தாள். முன்பல் ஒன்று பாதி முளைத்திருந்தது. அது முளைக்க ஆரம்பித்ததை யாரும் பெரியம்மாவுக்குச் சொல்லவில்லை.

அவள் ஓடி வருவாள் என்று பெரியம்மா நினைத்தாள். அவள் ஓடவில்லை. அப்பாவைப் பார்த்தாள். பெரியம்மாவைப் பார்த்தாள். யாரிடம் போனால் யார் திட்டுவார்கள் என்று கணக்குப் போடுவது போல நின்றாள்.

பெரியம்மாவுக்கு உடம்பெல்லாம் எரிந்தது. நீதிபதி மேல். வக்கீல்கள் மேல். அந்தப் புது ஷூ மேல்.

வாண்டின் கண் டிரைவரின் கையில் இருந்த பையில் பட்டது.

"பெரியப்பா! என் சீட்டை எதுக்கு இங்க கொண்டு வந்தீங்க?"

"நீ இல்லாம அதுக்குப் போரடிச்சுது. ஊர் சுத்திப் பார்க்கக் கூட்டிட்டு வந்தேன்."

"பொய்."

"நான் பொய் சொல்லி நீ பார்த்திருக்கியா?"

அவள் பையை வாங்கித் தரையில் வைத்தாள். அதன்மேல் ஏறி உட்கார்ந்தாள். கால் தரையைத் தொட்டது. ஷூவைக் கழற்றினாள்.

"கடிக்குது பெரியம்மா."

பெரியம்மா தரையில் உட்கார்ந்து குதிகாலைப் பார்த்தாள். கொப்புளம். தன் பையில் எப்போதும் இருக்கும் பஞ்சையும் பிளாஸ்திரியையும் எடுத்தாள். ஒட்டினாள். நிமிராமலே பேசினாள்.

"ஒரு சைஸ் சின்னதா வாங்கியிருக்கே. அவ காலு உனக்குத் தெரியாது. இதுல நீ பெத்தவன்."

தகப்பன் சற்றுத் தள்ளி, சுவரில் சாய்ந்து நின்றான். அவனுடைய வக்கீல் கிளம்பிவிட்டார். வராந்தாவில் இவர்கள் நால்வர்தான்.

"நேத்து லாட்ஜுல அவ தூங்கல," என்றான். "கட்டில்ல உட்கார்ந்தே இருந்தா. அங்க என் வீட்டுலயும் முதல் வாரம் அப்படித்தான். கேட்டா ஒண்ணும் சொல்ல மாட்டேங்கறா."

டிரைவர் கழற்றிய ஷூவை எடுத்துச் சுவரோரம் வைத்தார்.

"பத்து நாள் ஊரை விட்டுப் போகக் கூடாதுங்கறாங்க," என்றான் தகப்பன்.

டிரைவர் மனைவியைப் பார்த்தார். அவள் பிளாஸ்திரியின் ஓரத்தை விரலால் அழுத்திக்கொண்டிருந்தாள். அவள் மடியில் கிடந்த பையின் வாய் திறந்திருந்தது. உள்ளே சாவிக்கொத்து. மாடி அறைச் சாவிக்கு நீல வளையம். அவன் தலையணை உறையை இந்த முறையும் துவைத்துத்தான் வைத்திருந்தாள்.

தகப்பனும் அந்த நீல வளையத்தைப் பார்த்தான்.

"அக்கா," என்றான். "அந்த மாடி ரூம் இப்பவும் காலியாத்தானே இருக்கு?"